பேட்டரி வண்டி வாங்கினால் போதுமா? தருமபுரி, கிருஷ்ணகிரி குப்பைக்கு ஒரு விரிவான பதில்

நீங்கள் கேட்டது மூன்று விஷயம். தருமபுரி மாதிரி ஊரில் டீசல் குப்பை வண்டிகளை எல்லாம் எடுத்துவிட்டுப் பேட்டரி வண்டி விட்டால் மாசு எவ்வளவு குறையும்? டென்மார்க்கில் செய்வதுபோலக் குப்பையை எரித்து மின்சாரம் எடுக்க இங்கே முடியாதா? ஓசூருக்கும் இதே வழி பொருந்துமா? வரிசையாகவே சொல்கிறேன். ஆனால் முதல் கேள்விக்குப் பதில் வண்டியில் இல்லை, வண்டி கொண்டுபோய்க் கொட்டும் இடத்தில் இருக்கிறது. அதனால் அங்கிருந்து தொடங்க வேண்டியிருக்கிறது.

2011 கணக்கெடுப்பில் தருமபுரி நகராட்சியின் மக்கள்தொகை சுமார் 68 ஆயிரம், கிருஷ்ணகிரி சுமார் 71 ஆயிரம். இந்த அளவு ஊர்களில் தலைக்கு ஒரு நாளைக்கு 300 முதல் 400 கிராம் குப்பை என்று வைத்துக் கணக்குப் போடுவது வழக்கம். நாளொன்றுக்கு 25 டன் என்று எடுத்துக்கொள்வோம். அதில் பாதி, அதாவது 12 டன், சமையலறையிலிருந்தும் காய்கறிக் கடையிலிருந்தும் ஓட்டலிலிருந்தும் வரும் மக்கும் குப்பை, அதாவது ஈரக் குப்பை.

இனி வண்டிக் கணக்கு. தெருத்தெருவாக நின்று நின்று போகும் சின்ன டீசல் வண்டி லிட்டருக்கு 10 கிலோமீட்டர் கொடுத்தால் பெரிய விஷயம். ஒரு நாளைக்கு 40 கிலோமீட்டர் ஓடினால் 4 லிட்டர் டீசல். ஒரு லிட்டர் டீசல் எரிந்தால் 2.68 கிலோ கார்பன் டை ஆக்சைடு வரும், ஆக ஒரு வண்டிக்கு ஒரு நாளைக்கு ஏறத்தாழ 11 கிலோ. அதே வேலையைப் பேட்டரி ஆட்டோ செய்தால் சார்ஜ் இழப்பையும் சேர்த்து 5 யூனிட் போதும். நம் நாட்டு மின்சாரத்தில் நிலக்கரியின் பங்கு அதிகம் என்பதால் யூனிட்டுக்குச் சராசரியாக 0.7 கிலோவுக்குச் சற்று மேல். அப்படிப் பார்த்தால் 3.6 கிலோ. மூன்றில் ஒரு பங்கு. நல்ல குறைப்புதான், சந்தேகமில்லை. 20 வண்டியை மாற்றினால் நாளைக்கு 140 கிலோ, கூடினால் 150 கிலோ மிச்சம்.

இதே ஊரின் 12 டன் ஈரக் குப்பையைக் கலந்தபடியே குப்பைக் கிடங்கில் கொட்டிவிட்டால் என்ன ஆகும்? காற்றுப் புகாத அடியில் அது அழுகும்போது மீத்தேன் வரும். ஐநாவின் காலநிலைக் குழு தரும் கணக்கு முறைப்படி, 5 மீட்டருக்குக் குறைவான உயரமுள்ள, யாரும் பராமரிக்காத குப்பைமேட்டில் ஒரு டன் உணவுக் கழிவிலிருந்து சுமார் 20 கிலோ மீத்தேன் கிளம்பும். மேடு உயர உயரக் காற்றோட்டம் குறைந்து இது இரண்டு மடங்காகவும் ஆகும். 100 ஆண்டுக் கணக்கில் மீத்தேன் கார்பன் டை ஆக்சைடைவிட 28 மடங்கு சூடேற்றும். 20 கிலோவை 28ஆல் பெருக்கினால் 560 கிலோ. அதாவது ஒரு டன் ஈரக் குப்பையைக் கொட்டுவது 200 லிட்டர் டீசலை எரிப்பதற்குச் சமம். 12 டன்னுக்கு? கிட்டத்தட்ட 2,500 லிட்டர். அது அன்றே வெளிவந்துவிடாது, சில ஆண்டுகளுக்குப் பரவி வரும். ஆனால் தினமும் கொட்டிக்கொண்டே இருப்பதால் கணக்கு நேராகிவிடும்.

20 வண்டியின் டீசல் 80 லிட்டர் இந்தப் பக்கம், 2,500 லிட்டர் அந்தப் பக்கம். கண்ணுக்குத் தெரிகிற புகையைப் பார்த்து நாம் வண்டியைத் திட்டுகிறோம். மீத்தேனுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. குப்பைமேட்டில் மூக்கைப் பிடிக்க வைப்பது வேறு வாயுக்கள்.

ஆகவே "குறைந்த உமிழ்வுத் தொழில்நுட்பம்" என்று எந்த விற்பனையாளர் வந்து படம் போட்டுக் காட்டினாலும் முதல் கேள்வி இதுதான்: ஈரக் குப்பை கிடங்குக்குப் போகாமல் தடுக்க இதில் என்ன இருக்கிறது? அதற்குப் பதில் இல்லாத திட்டத்தில் மற்றதெல்லாம் அலங்காரம்.

ஈரக் குப்பைக்கு இரண்டு வழி: உரம், எரிவாயு. தமிழ்நாட்டு நகராட்சிகளில் வார்டுகளுக்குள்ளேயே சின்னச் சின்ன உரக் கூடங்கள் இருப்பதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். ஓட்டை விட்டுக் கட்டிய செங்கல் தொட்டிகள், ஓர் அரைக்கும் இயந்திரம், மேலே தகரக் கூரை. பார்க்க எளிமையாக இருப்பதால் இதைத் தொழில்நுட்பம் என்றே பலர் மதிப்பதில்லை. நான் மதிக்கிறேன். சரியாக நடக்கும் தொட்டிக்குள் ஓர் இரும்புக் கம்பியைச் செருகி ஒரு நிமிடம் விட்டு எடுத்துப் பாருங்கள், கையில் பிடிக்க முடியாது. உள்ளே 55 முதல் 65 டிகிரி இருக்கும். கம்பி வெதுவெதுப்பாக வந்தால் காற்று போகவில்லை அல்லது ஈரம் அதிகம். அங்கே கிளறி, காய்ந்த சருகோ தென்னை நார்க்கழிவோ போட வேண்டும். போச்சம்பள்ளி, காவேரிப்பட்டணம் பக்கம் தென்னைக்குப் பஞ்சமில்லை, நார்க்கழிவு எளிதாகக் கிடைக்கும். சமையலறைக் கழிவில் நைட்ரஜன் அதிகம், சருகிலும் நாரிலும் கார்பன் அதிகம். இரண்டும் சேர்ந்து கார்பன் 30க்கு நைட்ரஜன் 1 என்ற விகிதம் வந்தால் நாற்றமும் அடங்கும், புழுவும் குறையும், ஒன்றரை மாதத்தில் உரம் ஆகும். ஒரு டன் போட்டால் 150 முதல் 200 கிலோ கிடைக்கும்.

உரமாக்குவதிலும் கொஞ்சம் மீத்தேன் வரும். அதே ஐநா குழுவின் பொதுக் கணக்கில் டன்னுக்கு 4 கிலோ. கிளறாமல் போட்டுவைத்தால் இன்னும் கூடும். அப்படியும் 20 எங்கே, 4 எங்கே. இந்தக் குறைப்பைத் தருவது கிளறுகிற ஆளும் அவர் கையில் உள்ள முள்வாரியும்தான். ஆள் சம்பளத்துக்குப் பணம் ஒதுக்காமல் அரைக்கும் இயந்திரத்துக்கு மட்டும் ஒதுக்குவது நம் ஊரில் வாடிக்கை. அப்புறம் இயந்திரம் துருப்பிடிக்கிறது, தொட்டியில் குப்பை அழுகுகிறது, அக்கம்பக்கத்தார் மனுக் கொடுத்து மூடச் சொல்கிறார்கள்.

எரிவாயு வழி இதைவிடக் கவர்ச்சியானது, ஆனால் எளிதில் கெட்டுப்போவதும் அதுதான். சுத்தமாகப் பிரித்த ஒரு டன் உணவுக் கழிவிலிருந்து 80 முதல் 100 கன மீட்டர் சாண எரிவாயு மாதிரியான வாயு எடுக்கலாம். ஒரு கன மீட்டர் ஏறக்குறைய 0.4 கிலோ சமையல் எரிவாயுவுக்குச் சமம். ஆக ஒரு டன்னுக்கு 19 கிலோ வணிக சிலிண்டர் 2. நாளைக்கு 5 டன் ஓடும் நிலையம் 10 சிலிண்டர் தரும். அம்மா உணவகமோ அரசு மருத்துவமனைச் சமையற்கூடமோ பக்கத்தில் இருந்தால் குழாய் போட்டு நேராகக் கொடுத்துவிடலாம், மின்சாரமாக்கி இழப்பைக் கூட்ட வேண்டியதில்லை. பாபா அணு ஆராய்ச்சி மையம் வடிவமைத்த நிசர்க்ருணா முறை இந்த அளவுக்கு ஏற்றது: முதல் தொட்டியில் காற்றோடு சூடான நீரில் கரைத்து, அடுத்த தொட்டியில் காற்றில்லாமல் செரிக்க வைப்பது. ஆனால் உள்ளே போகும் குப்பையில் ஒரு ஷாம்பு சாஷேயும் தேங்காய் மட்டையும் இருந்தால் பம்பு அடைக்கும். கிடைக்கிற வாயுவைப் பயன்படுத்த ஆளில்லாமல் சும்மா திறந்துவிட்டால், கிடங்கில் கொட்டியிருந்தால்கூட வராத அளவு மீத்தேனை நாமே உற்பத்தி செய்து வானத்துக்கு அனுப்பியதாக ஆகும். பயன்படுத்தாத வாயுவை எரித்துவிடும் அடுப்புக் குழாய் இல்லாத நிலையத்துக்கு அனுமதியே தரக்கூடாது என்பது என் கருத்து.

இந்த இரண்டு மாவட்டத்துக்கே உரிய விஷயம் ஒன்று உண்டு. வெளியூர் ஆலோசகர்கள் ஆண்டுச் சராசரி போட்டு நிலையத்தின் அளவைத் தீர்மானிக்கிறார்கள். இங்கே குப்பை சராசரியாக வருவதில்லை. கிருஷ்ணகிரியில் மாம்பழப் பருவத்தில் மாங்கூழ் ஆலைகளில் பெங்களூரா ரக மாம்பழம் மலைபோல் வந்து இறங்கும். பழ எடையில் ஏறத்தாழ 40 சதவீதம் தோலும் கொட்டையுமாக வெளியே போகும். பாலக்கோடு, ராயக்கோட்டைப் பக்கம் தக்காளி விலை விழுந்தால் கூடை கூடையாக ரோட்டோரம் கொட்டுவதை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். இவையெல்லாம் எரிவாயுக்கு அருமையான தீனி என்று தோன்றும். பாதி உண்மை. மாம்பழத் தோலில் சர்க்கரை அதிகம். ஒரே நாளில் நிறையப் போட்டால் தொட்டிக்குள் அமிலம் கூடி, மீத்தேன் உண்டாக்கும் நுண்ணுயிர்கள் செத்துவிடும். தொட்டி புளித்துவிட்டால் மறுபடி சாணம் கரைத்து ஊற்றி உயிர்ப்பிக்க வாரக்கணக்கில் ஆகும். மாட்டுச் சாணத்தோடு கலந்து கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டிக்கொண்டே போனால் தாங்கும். ஆலைக் கழிவை ஆலைகளே தங்கள் வளாகத்தில் நிலையம் வைத்துச் செரிப்பதுதான் முறை. நகராட்சித் தொட்டியில் அதைத் திணிக்கக் கூடாது. தக்காளிக்கு? மாட்டுத் தீவனமும் உரமும்தான், வேறு வழி தேட வேண்டாம்.

இப்போது வண்டிக்கு வருகிறேன். பேட்டரி வண்டி வேண்டாம் என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். வேண்டும், ஆனால் கார்பனுக்காக மட்டும் அல்ல. காலை 6 மணியிலிருந்து அந்த வண்டியின் பின்னால் நடப்பவர் தூய்மைப் பணியாளர். டீசல் புகை முதலில் போவது அவர் நெஞ்சுக்குள். குமாரசாமிப்பேட்டைச் சந்துகளிலும் கிருஷ்ணகிரி பழையபேட்டையிலும் சத்தமில்லாமல் நுழைந்து திரும்ப இதுபோல் வசதி வேறு வண்டியில் இல்லை. எலெக்ட்ரிக் ஸ்கூட்டர் செய்யும் ஓலா ஆலை போச்சம்பள்ளியில் இருக்கிறது, ஏதர் ஆலை ஓசூரில் இருக்கிறது. இந்த வட்டாரத்து இளைஞர்களுக்கு பேட்டரி, மோட்டார், கன்ட்ரோலர் எல்லாம் தினம் கையாளும் பொருள். பழுது பார்க்க ஆள் கிடைக்காது என்ற சாக்கு இங்கே செல்லாது.

ஆனாலும் பல ஊர்களில் பேட்டரி வண்டிகள் இரண்டாம் ஆண்டே ஓரமாக நிற்கின்றன. காரணம் பெரும்பாலும் ஈய-அமில பேட்டரி. விலை குறைவு என்று அதை வாங்குவார்கள். 300 முதல் 500 முறை சார்ஜ் ஏறி இறங்கினால் அதன் ஆயுள் முடிந்தது. தினமும் ஓடும் வண்டிக்கு அது ஒன்றரை வருடம்கூட வராது. நடுவில் டிஸ்டில்டு வாட்டர் ஊற்ற மறந்தால் இன்னும் சீக்கிரம். லித்தியம் இரும்பு பாஸ்பேட் பேட்டரி 2,000 முறைக்கு மேல் தாங்கும், வெயிலையும் மற்ற லித்தியம் வகைகளைவிட நன்றாகத் தாங்கும். வாங்கும்போது விலை கூட, ஐந்து வருடக் கணக்கில் மலிவு. டெண்டரில் வண்டி விலையை மட்டும் கேட்காமல் ஐந்து வருடப் பராமரிப்போடு ஒரு டன் குப்பை எடுக்க என்ன செலவு என்று கேட்டால் இந்தச் சிக்கல் பாதி தீர்ந்துவிடும்.

இன்னொன்று, யாரும் பேசாத ஒரு வசதி. குப்பை எடுக்கும் வேலை காலையில் தொடங்கி மதியத்துக்குள் முடிந்துவிடுகிறது. அதாவது வண்டிகள் சும்மா நிற்கும் நேரமும் வெயில் அடிக்கும் நேரமும் ஒன்று. உரக் கூடத்தின் தகரக் கூரைமேல் 5 கிலோவாட் சோலார் தகடு போட்டால் நாளைக்குச் சுமார் 20 யூனிட் வரும். மதியத்துக்கு மேல் கிடைப்பது அதில் பாதிதான் என்றாலும் இரண்டு வண்டிக்குப் போதும், காலை யூனிட்டுகள் அரைக்கும் இயந்திரத்துக்கு. இரவில் சார்ஜ் போட்டு நிலக்கரி மின்சாரத்தை எரிக்க வேண்டிய அவசியமே இல்லை.

வண்டியின் உடம்பைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும். மக்கும், மக்காத என்று இரண்டு அறை, பக்கத்தில் அபாயக் கழிவுக்கு ஒரு சின்னப் பெட்டி. 2016 திடக்கழிவு விதிகள் கேட்டது இந்த மூன்று பிரிவை. தடுப்பு இல்லாத வண்டி வந்தால் வீட்டில் பிரித்துக் கொடுத்தவருக்கு மறுநாள் பிரிக்க மனம் வராது. அப்புறம் பெட்டியின் விளிம்பு உயரம். காலை நேரத்தில் எந்தத் தெருவிலும் நின்று பாருங்கள். பணியாளர் அம்மா ஈர வாளியைத் தோளுக்கு மேல் தூக்கிக் கவிழ்க்கிறார், கழிவு நீர் முழங்கை வழியே ஜாக்கெட்டுக்குள் வழிகிறது. ஒரு நாளைக்குப் பல நூறு முறை. விளிம்பு இடுப்புயரத்தில் இருந்தால் இது நடக்காது. வண்டியின் பக்கவாட்டில் அவரே ஒரு சாக்கைக் கட்டித் தொங்கவிட்டிருப்பார். பாட்டில், அட்டை, இரும்பு அதில் தனியாகப் போகும், மதியம் பழைய இரும்புக் கடையில் விற்றுக் கைச்செலவுக்கு ஆகும். எந்த மென்பொருளும் இல்லாமல் நடக்கும் முதல் தரப் பிரிப்பு அது. அந்தச் சாக்கைப் பிடுங்காமல் திட்டத்துக்குள் சேர்த்துக்கொள்வது எப்படி என்று யோசிப்பவர்தான் நல்ல அதிகாரி.

தொட்டி நிரம்பியதா என்று சொல்லும் சென்சார், வீட்டுக்கு வீடு கியூஆர் கோடு, ஜிபிஎஸ் இவற்றைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. வீடு வீடாக எடுக்கும் ஊரில் தொட்டியே இருக்கக் கூடாது, பிறகு சென்சார் எதற்கு? ஜிபிஎஸ் பயன்படும், விடுபட்ட தெருவைக் கண்டுபிடிக்க. சுவீடனில் 1961 முதல் குழாய் வழியே காற்றழுத்தத்தில் குப்பையை உறிஞ்சி எடுக்கும் முறை இருக்கிறது, குஜராத்தின் கிஃப்ட் சிட்டியிலும் போட்டிருக்கிறார்கள். புதிதாகக் கட்டும் அடுக்குமாடி நகரத்துக்குச் சரி. சாக்கடைக் குழாயே முழுதாகப் போடாத ஊருக்கு அதைப் பற்றிப் பேசுவது நேர விரயம்.

உலர் குப்பையில் இயந்திரம் உண்மையிலேயே உதவும். சல்லடை உருளை மண்ணையும் தூசியையும் பிரிக்கும், காந்தம் இரும்பை இழுக்கும், சுழல் மின்னோட்ட இயந்திரம் அலுமினியத்தைத் துள்ளித் தள்ளும், அகச்சிவப்பு ஒளி பாய்ச்சும் கருவி பெட் பாட்டிலையும் பால் கவரையும் வகை பார்த்துக் காற்றால் ஊதித் தனித்தனியாகத் தள்ளும். கறுப்புப் பிளாஸ்டிக்கை மட்டும் அந்தக் கருவிக்குத் தெரியாது, கறுப்புச் சாயம் ஒளியை விழுங்கிவிடும். ஆனால் இந்தக் கருவிக்கு நாளைக்கு 100 டன்னாவது ஓட வேண்டும், இல்லாவிட்டால் வட்டிக்கே கட்டாது. தருமபுரியின் உலர் குப்பை 8, 10 டன் இருக்குமா? அதற்கு ஒரு கன்வேயர் பெல்ட், இரண்டு பக்கமும் கையுறை போட்ட பத்துப் பெண்கள், கடைசியில் அமுக்கிக் கட்டும் பேலிங் இயந்திரம் போதும். அமுக்கிக் கட்டிய அட்டைக்கும் பாட்டிலுக்கும் கிடைக்கும் விலை வேறு, லாரிச் செலவும் பல மடங்கு குறையும். சத்தீஸ்கரின் அம்பிகாபூர், சுமார் 1.2 லட்சம் பேர் உள்ள ஊர், மகளிர் குழுக்களை வைத்து இதைத்தான் செய்தது. பழைய குப்பைமேட்டைப் பூங்காவாக்கியது.

யாருக்கும் வேண்டாத பிஸ்கட் உறை, சிப்ஸ் பாக்கெட், கிழிந்த துணி மிஞ்சும். அதை நறுக்கிக் கட்டித் தொப்பூர் கணவாய் இறக்கி சங்ககிரி சிமெண்ட் ஆலைக்கு அனுப்பலாம். சூளையில் 1,400 டிகிரிக்கு மேல் இருப்பதால் முழுதாக எரிந்து, சாம்பலும் சிமெண்டுக்குள் போய்விடும், அந்த அளவு நிலக்கரி மிச்சம். மதுரை தியாகராசர் பொறியியல் கல்லூரிப் பேராசிரியர் வாசுதேவன் காட்டிய வழியில் தார்ச் சாலையில் கலப்பதும் உண்டு.

இங்கேதான் உங்கள் டென்மார்க் கேள்வி. கோபன்ஹேகனில் கூரைமேல் பனிச்சறுக்குத் தளம் வைத்த எரிஉலையின் படத்தைத்தான் பார்த்திருப்பீர்கள். நல்ல உலை, மறுப்பதற்கில்லை. அது ஓடுவதன் ரகசியம், வெளிவரும் வெப்பத்தை நகரம் முழுக்க வீடுகளைச் சூடாக்க வாங்கிக்கொள்கிறார்கள். ஏப்ரல் மாதத் தருமபுரியில் அந்த வெப்பத்தை யார் வாங்குவார்கள்? மின்சாரம் மட்டும் எடுத்தால் குப்பையின் ஆற்றலில் நான்கில் ஒரு பங்குகூடத் தேறாது. அதைவிடப் பெரிய தடை ஈரம். ஒரு கிலோ நீரை ஆவியாக்க 600 கிலோகலோரி வேண்டும், நம் கலப்புக் குப்பையில் பாதி நீர். 1987இல் டெல்லி திமார்பூரில் டென்மார்க் தொழில்நுட்பத்திலேயே ஓர் உலை கட்டினார்கள், குப்பையில் எரிய வேண்டிய சூடு இல்லாமல் சில வாரங்களிலேயே நின்றது. ஈரத்தைப் பிரித்துவிட்டால் எரியுமே என்பீர்கள். எரியும். ஆனால் ஈரத்தைப் பிரித்து, விற்கக்கூடிய பாட்டிலையும் அட்டையையும் எடுத்தபின் இந்த ஊரில் மிஞ்சுவது 4, 5 டன். அதற்கு உலை எதற்கு, சங்ககிரிக்கு வாரத்துக்கு இரண்டு மூன்று லாரி போதும். எரிவதும் பெரும்பாலும் பிளாஸ்டிக். ஒரு டன் பிளாஸ்டிக் எரித்தால் இரண்டரை டன்னுக்கு மேல் கார்பன் டை ஆக்சைடு, அதுவும் பெட்ரோலியத்திலிருந்து வந்தது. உலைக்குத் தீனி போட வேண்டுமே என்று மறுசுழற்சிக்குப் போக வேண்டியதையும் அதில் தள்ளும் கட்டாயம் வேறு வரும்.

ஓசூர் கணக்கு வேறு. 2019இல் மாநகராட்சியான ஊர், ஆலைகள், அடுக்குமாடிகள், பெங்களூரு சம்பளம், தினம் தினம் புதிய ஓட்டல். இங்கே 20, 30 டன் எரிவாயு நிலையம் கட்டினால் கட்டுப்படியாகும். இந்தூரில் 2022இல் தொடங்கிய நிலையம் 550 டன் ஈரக் குப்பையிலிருந்து 17 டன் அழுத்திய உயிரி எரிவாயு (பயோ சிஎன்ஜி) எடுத்து நகரப் பேருந்துக்குக் கொடுக்கிறது. அந்த அளவு ஓசூருக்குத் தேவையில்லை, ஆனால் எடுத்த வாயுவைக் குப்பை லாரிக்கே போடலாம், ஏனென்றால் இங்கே தூரம் அதிகம், பெரிய லாரியைப் பேட்டரியில் ஓட்டுவது இன்னும் விலை பிடிக்கும். முதலில் செய்ய வேண்டியது, நாளைக்கு 100 கிலோவுக்கு மேல் கழிவு தரும் ஓட்டல், கல்யாண மண்டபம், ஆலைக் கேன்டீன், குடியிருப்பு வளாகம் எல்லாம் தங்கள் ஈரக் குப்பையைத் தாங்களே பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற விதியை நடைமுறைப்படுத்துவது. மாநகராட்சிக்கு ஒரு ரூபாய் செலவில்லாமல் வண்டிகளின் சுமை கணிசமாகக் குறையும்.

ரோஜாக் கழிவை மட்டும் தனியாக வையுங்கள். ஓசூர்ப் பூந்தோட்டங்களில் மருந்து நிறைய அடிப்பார்கள். அந்தக் கழிவை எரிவாயுத் தொட்டியில் போட்டால் நுண்ணுயிர் திணறும், உரமாக்கிக் காய்கறிக்குப் போடுவதும் நல்லதல்ல. தனிக் குவியலாக நீண்ட நாள் மக்கவிட்டு, சாலையோர மரங்களுக்கும் பூங்காவுக்கும் போடலாம்.